நிச்சயத்துக்கும் முகூர்த்தத்துக்கும் நடுவில்: அந்த மாதங்களை நிம்மதியாக அனுபவிக்க ஒரு வழிகாட்டி

நிச்சயதார்த்தம் முடிந்து கல்யாணம் வரைக்கும் கிடைக்கும் நான்கைந்து மாதம் திரும்ப வராது, நன்றாக அனுபவித்துக்கொள் என்று எல்லோரும் சொல்வார்கள். அந்த மாதங்கள் எங்கே காணாமல் போகின்றன என்பதை மட்டும் யாரும் சொல்வதில்லை. மண்டபத்துக்காரருக்கு ஒரு போன், தையல்காரருக்கு ஒரு போன், பத்திரிகைப் ப்ரூஃபில் பெரியப்பா பெயர் விட்டுப்போன சண்டை, இரவு பதினொரு மணிக்கு இவரிடம் பேசினால் அதுவும் கேட்டரிங் பற்றித்தான். நான் திருச்சிக்காரி. ஆவணியில் நிச்சயம், தையில் கல்யாணம். இவர் பெங்களூரில் வேலை. இந்த இடைவெளியில் நான் முட்டி மோதித் தெரிந்துகொண்டதை வரிசையாக எழுதுகிறேன். அடுத்து வருகிறவர்களாவது கொஞ்சம் சிரித்த முகத்தோடு மணமேடை ஏறட்டும்.

என் கட்சி இதுதான்: பணம், காகிதம் இரண்டையும் முதல் மாதத்திலேயே பேசி முடித்துவிட்டால், மீதி மாதங்கள் தானாக உங்களுக்குக் கிடைக்கும்.

1. முதலில் காலண்டரை எடுங்கள்

முகூர்த்தத் தேதியிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். நம் ஊரில் எல்லா மாதமும் ஒரே மாதிரி ஓடாது. தைக் கல்யாணம் என்றால் நடுவில் புரட்டாசி, தீபாவளி, மார்கழி மூன்றும் வரும். தீபாவளிக்கு முந்தைய ஒரு மாதம் எந்தத் தையல்காரரும் கல்யாண ஜாக்கெட்டைத் தொட மாட்டார். மார்கழியில் பத்திரிகை கொடுக்கப் போகக்கூடாது என்று எங்கள் பக்கம் பல வீடுகளில் சொல்வார்கள்; அப்படியென்றால் கார்த்திகை முடிவதற்குள் பத்திரிகை அச்சாகி முக்கியமான வீடுகளுக்காவது போயிருக்க வேண்டும். பொங்கலை ஒட்டி முகூர்த்தம் என்றால் சமையல் ஆட்கள் ஊருக்குப் போய்விடுவார்கள், பஸ், ரயில் எதிலும் இடம் இருக்காது.

ரயில் முன்பதிவு இப்போது பயண நாளுக்கு 60 நாள் முன்புதான் திறக்கிறது. வெளியூர்ச் சொந்தக்காரர்களுக்கு அந்தத் தேதியை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். கல்யாணத்துக்குப் பின் நீங்கள் இருவரும் போகும் பயணத்துக்கும் இதே கணக்குதான்.

இன்னொன்று, பெண்களுக்கு. முகூர்த்தத் தேதியில் மாதவிலக்கு வருமா என்று பார்த்து, தள்ளிப்போட மாத்திரை வாங்கிக் கொடுப்பது வீட்டில் சகஜம். மருந்துக் கடையில் நேராக வாங்காதீர்கள். ரத்தம் உறையும் கோளாறோ கடுமையான ஒற்றைத் தலைவலியோ உள்ளவர்களுக்கு அது ஆபத்தாகலாம். எதிர்பார்க்கும் தேதிக்கு மூன்று நாள் முன்பே தொடங்க வேண்டிய மாத்திரை அது. ஒரு மாதம் முன்பே மகப்பேறு மருத்துவரைப் பார்த்துவிடுங்கள். அதே முறை போகும்போது ரூபெல்லா தடுப்பூசி போட்டிருக்கிறதா என்றும் கேளுங்கள். அதைப் போட்டபின் ஒரு மாதத்துக்குக் கர்ப்பம் கூடாது என்பதால் இப்போதே போட்டுக்கொள்வது வசதி.

2. இருவரும் உட்கார்ந்து பணம் பேசுங்கள்

இதைப் பெரியவர்களிடம் விட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம். விடாதீர்கள். எந்தச் செலவு யார் தலையில் என்று ஒரு தாளில் எழுதுங்கள்: மண்டபம், சாப்பாடு, ரிசப்ஷன், போட்டோ, மேடை அலங்காரம், முகூர்த்தப் புடவை, தாலி, வெளியூர் ஆட்களுக்கு லாட்ஜ், வேன். "ரிசப்ஷன் மாப்பிள்ளை வீடு, முகூர்த்தம் பொண்ணு வீடு" என்று பொதுவாகச் சொல்லிவிடுவார்கள். முகூர்த்தத்துக்கு முந்தின ராத்திரி டிபன் யார் கணக்கு என்று அன்றைக்குத்தான் கேள்வி வரும்.

கையோடு இதையும் கேட்டுவிடுங்கள்: கல்விக் கடன், இ.எம்.ஐ. என்ன ஓடுகிறது, வீட்டுக்கு மாதம் எவ்வளவு அனுப்புகிறீர்கள், கல்யாணத்துக்காக யாராவது கடன் வாங்குகிறார்களா? கேட்கக் கூச்சமாகத்தான் இருக்கும். ஆனால் அதைப் பேசி முடித்த பிறகுதான் எங்களுக்குள் பேச்சே இயல்பானது.

ரொக்கத்தில் ஒரு சட்டம் இருக்கிறது. ஒரே நபரிடமிருந்து ஒரே நாளிலோ, ஒரே நிகழ்ச்சிக்காகவோ 2 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கக்கூடாது. வாங்குகிறவருக்குத்தான் அபராதம், அதுவும் வாங்கிய தொகை அளவுக்கு. மண்டபம், கேட்டரிங், நகை எல்லாவற்றுக்கும் இது பொருந்தும். துண்டு துண்டாகக் கொடுத்தால் தப்பிக்கலாம் என்று சொல்வார்கள். ஒரே கல்யாணத்துக்கான தொகை என்றால் சேர்த்துத்தான் கணக்கு. வங்கி வழியாகவே அனுப்புங்கள், பின்னால் தகராறு வந்தாலும் உங்களிடம் ஆதாரம் இருக்கும்.

வரதட்சணை கேட்பதும் கொடுப்பதும் வாங்குவதும் 1961ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம் என்பது தெரிந்ததுதான். பலருக்குத் தெரியாதது, பரிசுப் பட்டியல் பற்றிய 1985ஆம் ஆண்டு விதிகள். பெண்ணுக்கு வந்த பரிசுகளுக்குப் பெண்ணும், மாப்பிள்ளைக்கு வந்தவற்றுக்கு மாப்பிள்ளையும் எழுத்தில் பட்டியல் வைத்திருக்க வேண்டும். பொருள், தோராய மதிப்பு, கொடுத்தவர் பெயர், உறவு ஆகியவற்றை எழுதி இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். சீர் இறங்கும்போது சித்தி ஒருத்தி கையில் நோட்டைக் கொடுத்தால் போதும், வேலை முடிந்தது.

3. மண்டபமும் சாப்பாடும்

பணம் ஒழுகும் இடம் இதுதான், அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன். மண்டபத்துக்காரர் சொல்லும் வாடகை ஒரு தொகை, காலி செய்யும்போது கொடுக்கும் தொகை வேறு. அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன் இவற்றைக் கேட்டு ரசீதின் பின்பக்கமாவது எழுதி வாங்குங்கள்:

- சாவி எத்தனை மணிக்குக் கிடைக்கும், எத்தனை மணிக்குக் காலி செய்ய வேண்டும், கூடுதல் ஒரு மணி நேரத்துக்கு எவ்வளவு
- கரண்ட் வாடகையில் சேர்த்தியா, யூனிட் கணக்கா. யூனிட் என்றால் என்ன விலை
- ஜெனரேட்டர் டீசல் மணிக்கு எவ்வளவு
- துப்புரவுக் கட்டணம், குப்பை அள்ளும் கட்டணம், காஸ் சிலிண்டர், தண்ணீர் லாரி
- வெளி சமையல்காரர், வெளி டெக்கரேஷன்காரர் வரலாமா, வந்தால் அதற்குத் தனிக் கட்டணம் உண்டா
- சொன்ன வாடகையில் ஜிஎஸ்டி சேர்த்தியா (மண்டப வாடகைக்கு 18 சதவீதம்)
- தேதி மாறினால் அட்வான்ஸ் திரும்புமா, வேறு தேதிக்கு மாற்றித் தருவார்களா

சாவி வாங்கும்போது கரண்ட் மீட்டரை போனில் போட்டோ எடுங்கள். இது யாருக்கும் தோன்றாது. எங்களுக்குப் போட்ட பில்லில் முதல் ரீடிங், எங்கள் போட்டோவில் இருந்ததைவிடக் குறைவாக இருந்தது. அதாவது முந்தின கல்யாணத்தின் கரண்ட்டும் எங்கள் கணக்கில். போட்டோவைக் காட்டியதும் மேனேஜர் ஒன்றும் பேசாமல் பில்லைக் கிழித்துவிட்டு வேறு எழுதினார். பாத்திர லிஸ்ட்டையும் வாங்கும்போதே எண்ணி வாங்குங்கள். கரண்டி ஒன்று குறைந்தாலும் காசுதான்.

சாப்பாட்டில் இலைக் கணக்கு. குறைந்தபட்சம் இத்தனை இலை என்று கேட்டரிங்காரர் பேசுவார். அதற்குக் குறைந்தாலும் முழுப் பணம், கூடினால் கூடுதல் பணம். இலைக்கு 250 ரூபாய் என்று பேசி, 80 இலை கூடினால் 20,000 ரூபாய். அதனால் பந்திக்குப் பந்தி இலை எண்ண உங்கள் பக்கம் ஓர் ஆள் வேண்டும். சாப்பாட்டு மேல் ஆசையில்லாத, வாய் கொஞ்சம் கறாரான ஒரு மாமா எல்லாக் குடும்பத்திலும் இருப்பார். அவரை இப்போதே பிடித்து வைத்துக்கொள்ளுங்கள். பரிமாறுகிறவர்கள் எத்தனை பேர், அவர்கள் சாப்பிடும் இலையும் உங்கள் கணக்கா, மிச்சம் யாருக்கு என்பதையும் பேசிவிடுங்கள்.

ரிசப்ஷனில் பாட்டுக் கச்சேரி வைப்பதாக இருந்தால், இரவு 10 மணிக்கு மேல் ஒலிபெருக்கி கூடாது என்பது விதி. மண்டபத்தில் "அதெல்லாம் பாத்துக்கலாம்" என்பார்கள். போலீஸ் வந்தால் பாத்துக்கொள்ளப் போவது உங்கள் அப்பா.

4. நகை

சின்னக்கடை வீதியில் நாலு கடை ஏறி இறங்கியதில் புரிந்தது: தங்கத்தின் அன்றைய விலை எல்லாக் கடையிலும் ஏறக்குறைய ஒன்றுதான். வித்தியாசம் சேதாரத்திலும் செய்கூலியிலும். 5 பவுன், அதாவது 40 கிராம் ஆரம் ஒன்று எடுக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். சேதாரம் 15 சதவீதம் என்றால் 6 கிராம், முக்கால் பவுன். 10 சதவீதம் என்றால் 4 கிராம், அரைப் பவுன். பேசிக் குறைத்தால் கால் பவுன் மிச்சம். இந்தப் பேரத்துக்குக் கூச்சப்படாத அத்தையோடு போங்கள்.

கல் வைத்த நகையில் கல் எடையைக் கழித்த தங்க எடைக்குத்தான் விலை போட்டிருக்கிறார்களா என்று பில்லில் பாருங்கள். 3 சதவீத ஜிஎஸ்டி தனி. 22 காரட்டுக்கு 916 முத்திரையும், ஆறு எழுத்து-எண் கொண்ட எச்.யு.ஐ.டி. குறியீடும் நகையில் இருக்க வேண்டும். இந்தியத் தர நிர்ணய அமைப்பின் 'பிஐஎஸ் கேர்' செயலியில் அந்தக் குறியீட்டைத் தட்டினால் விவரம் வரும், கடையிலேயே நின்று பார்த்துவிடலாம். 2 கிராமுக்குக் குறைந்த சின்ன உருப்படிகளுக்கு இந்த முத்திரை கட்டாயமில்லை, அதனால் தாலிக் குண்டு, சின்னத் தோடு போன்றவற்றில் இல்லையே என்று பதற வேண்டாம். 2 லட்சத்துக்கு மேல் வாங்கினால் பான் கார்டு கேட்பார்கள், எடுத்துப் போங்கள்.

தாலியின் வடிவம் குடும்பத்துக்குக் குடும்பம் மாறும். மாப்பிள்ளை வீட்டிலிருந்து மாதிரி வாங்கிக் கொடுத்துத்தான் ஆர்டர் செய்ய வேண்டும். போட்டோவைக் காட்டி ஆர்டர் கொடுத்தால் அளவு தப்பும்.

5. புடவை, ஜாக்கெட்

புடவை எடுப்பது ஒரு நாள் வேலை. ஜாக்கெட்தான் மாதக்கணக்கு. ஆரி வேலை, அதாவது ஜாக்கெட்டில் ஊசியால் போடும் எம்பிராய்டரி செய்கிறவர்கள் மூன்று நான்கு வாரம் கேட்பார்கள், முகூர்த்த மாதத்தில் இன்னும் கூட. துணியைத் தீபாவளிக்கு வெகு முன்பே கொடுங்கள் அல்லது தீபாவளி முடிந்த அந்த வாரமே கொடுங்கள். உள்ளே பிரித்துத் தைக்க ஓர் அங்குலம் துணி விடச் சொல்லுங்கள். கல்யாண அலைச்சலில் உடம்பு இளைக்கும் அல்லது விருந்துச் சாப்பாட்டில் ஏறும். பட்டுக்கு, அசல் பட்டு என்று காட்டும் சில்க் மார்க் அட்டை இருக்கிறதா பாருங்கள்.

6. பத்திரிகை

ப்ரூஃபில் எல்லோரும் தாத்தா பாட்டி பெயரைத்தான் தேடுவார்கள். நீங்கள் தேட வேண்டியது வேறு: தமிழ்த் தேதி, ஆங்கிலத் தேதி, கிழமை மூன்றும் பொருந்துகிறதா, முகூர்த்த நேரம் காலையா மாலையா, அப்புறம் உங்கள் இருவர் பெயரும் இனிஷியலும் ஆதாரில் இருப்பது போலவே இருக்கிறதா.

கடைசியில் சொன்னதுதான் முக்கியம். எங்கள் வீட்டில் இவருடைய அம்மா, இவரை வீட்டில் கூப்பிடும் பெயரைத்தான் போட வேண்டும் என்றார்.

"ஊருக்கெல்லாம் அந்தப் பேருதான்மா தெரியும்."

"சரி அத்தை, ரெண்டையும் போட்டுடலாம். ஆதார்ல உள்ள பேரு முதல்ல, கூப்பிடுற பேரு பக்கத்துல அடைப்புக்குள்ள."

இவ்வளவுதான் விஷயம். ஆனால் கல்யாணத்தைப் பதிவு செய்யும்போது பத்திரிகையைத்தான் ஆதாரமாகக் கேட்பார்கள். அங்கே கூப்பிடும் பெயர் மட்டும் இருந்தால் பிரமாணப் பத்திரம், மறுபடி அலைச்சல் என்று நீளும்.

7. காகித வேலை

தமிழ்நாட்டில் 2009ஆம் ஆண்டுச் சட்டப்படி எந்த மதத்துக் கல்யாணமானாலும் பதிவு கட்டாயம். கல்யாண நாளிலிருந்து 90 நாளுக்குள் பதிய வேண்டும். தவறினால் கூடுதல் கட்டணத்தோடு 150 நாள் வரை. 90 நாள் நிறைய இருக்கிறதே என்று தோன்றும். மறுவீடு, விருந்து, வேலைக்குத் திரும்புவது என்று அது பறந்துவிடும். அதனால் கோப்பை இப்போதே தயார் செய்துவிட்டால், கல்யாணம் முடிந்த இரண்டாவது வாரத்திலேயே போய்விடலாம்.

கோப்பில் இருக்க வேண்டியவை:

- இருவரின் பிறந்த தேதிச் சான்று (பிறப்புச் சான்றிதழ் அல்லது பள்ளிச் சான்றிதழ்)
- இருவரின் முகவரிச் சான்று, ஆதார்
- கல்யாணப் பத்திரிகை மூலப் பிரதி, நான்கைந்தாக எடுத்து வையுங்கள்
- கோயிலில் கல்யாணம் என்றால் கோயில் ரசீது, மண்டபம் என்றால் மண்டப ரசீது
- இருவரின் பாஸ்போர்ட் அளவுப் படங்கள், கல்யாணப் படம் ஒன்று
- சாட்சிகளின் அடையாள அட்டை நகல்
- மறுமணம் என்றால் விவாகரத்துத் தீர்ப்பு அல்லது முந்தைய துணையின் இறப்புச் சான்றிதழ்

பதிவுத்துறையின் 'டிஎன்ரெஜிநெட்' தளத்தில் விண்ணப்பத்தை நிரப்பி நேரம் எடுத்துக்கொண்டு, கல்யாணம் நடந்த இடத்துக்கோ, உங்கள் இருவரில் ஒருவர் வசிக்கும் இடத்துக்கோ உரிய சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போக வேண்டும். அரசுக் கட்டணம் சிறு தொகைதான். வாசலில் நிற்கும் தரகர் ஆயிரக்கணக்கில் கேட்பது விண்ணப்பம் நிரப்பிக் கொடுப்பதற்கு மட்டும். அதை நீங்களே அரைமணி நேரத்தில் செய்துவிடலாம். சாட்சிகளாக உள்ளூரிலேயே இருக்கிறவர்களைப் பிடியுங்கள். பெங்களூர் நண்பரைச் சாட்சியாகப் போட்டால் அவருடைய லீவுக்காக நீங்கள் காத்திருக்க வேண்டும். நடத்திவைத்த புரோகிதரின் கையெழுத்தும் கேட்பார்கள். கல்யாணத்தன்று தட்சணை கொடுக்கும்போதே படிவத்தில் வாங்கிவிடுங்கள்.

மதம் மாறாமல் வேறு மதத்தவரை மணக்கிறவர்கள் 1954ஆம் ஆண்டு சிறப்புத் திருமணச் சட்டத்தின்கீழ் போக வேண்டும். அதற்குக் கணக்கே வேறு: இருவரில் ஒருவராவது அந்த மாவட்டத்தில் 30 நாள் வசித்திருக்க வேண்டும், அறிவிப்புக் கொடுத்து 30 நாள் காத்திருக்க வேண்டும், அறிவிப்புக் கொடுத்த மூன்று மாதத்துக்குள் கல்யாணம் நடக்க வேண்டும், மூன்று சாட்சிகள் வேண்டும். இதை நிச்சயம் முடிந்த கையோடு திட்டமிடாவிட்டால் குறித்த தேதி கைக்கு எட்டாது.

வெளிநாட்டுக்குத் துணை விசாவில் போகிறவர்களுக்குக் கல்யாணச் சான்றிதழ்தான் எல்லாம். பல நாடுகள் அதில் அப்போஸ்டில் முத்திரையும் (சான்றிதழ் உண்மையானது என்று வெளியுறவுத் துறை தரும் முத்திரை) கேட்கும், அதற்குத் தனியாக நாள் ஒதுக்குங்கள். பெயரையோ இனிஷியலையோ மாற்றும் எண்ணம் இருந்தால் பயணம் முடியும் வரை தள்ளிப் போடுங்கள். டிக்கெட் ஒரு பெயரிலும் அடையாள அட்டை இன்னொரு பெயரிலும் இருந்தால் விமான நிலையத்தில் விடமாட்டார்கள்.

8. இனி உங்கள் இருவருக்கான நேரம்

வாரத்தில் ஒரு போன் பேச்சாவது கல்யாண வேலை பற்றி ஒரு வார்த்தையும் இல்லாமல் இருக்கட்டும். நாங்கள் வியாழக்கிழமையை அதற்கு வைத்தோம். கேட்டரிங் என்று யார் வாய் திறந்தாலும் அடுத்த முறை டீ அவர் செலவு. முதலில் பேச ஒன்றும் இல்லாமல் இருவரும் சும்மா சிரித்துக்கொண்டிருந்தோம். அப்புறம்தான் இவர் ஹாஸ்டலில் சமைக்கக் கற்ற கதை, அப்பாவோடு இரண்டு வருஷம் பேசாமல் இருந்த கதை எல்லாம் வந்தது.

நேரில் பார்க்க வீட்டில் அனுமதி கேட்கும்போது இடம், திரும்பும் நேரம் இரண்டையும் நீங்களே சொல்லிவிடுங்கள். பாதி மறுப்பு அதிலேயே போய்விடும். "தங்கச்சியும் கூட வரட்டும்" என்பார்கள். வரட்டுமே. முக்கொம்புக்குப் போனபோது என் தங்கைக்கு ஒரு ஐஸ்கிரீமும் போனில் சார்ஜும் இருந்தால் போதும் என்று தெரிந்தது. கல்லணை, ஸ்ரீரங்கம், மலைக்கோட்டை என்று அதிகம் காசு ஆகாத இடங்களே நிறைய. போட்டோகிராபர் ப்ரீ-வெடிங் ஷூட் என்று கேட்டால், கோயில்களிலும் தொல்லியல் துறை இடங்களிலும் முன் அனுமதி இருக்கிறதா என்று அவரிடமே கேளுங்கள். அனுமதி வாங்குவது உங்கள் வேலை என்பார், அதையும் கட்டணத்தையும் ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்லுங்கள். ஷூட்டே வேண்டாம் என்பது என் கருத்து. அந்தக் காசில் இரண்டு முறை கூடுதலாகச் சந்திக்கலாம்.

இரு வீட்டுக்கும் மனத்தாங்கல் வரும், வராத கல்யாணம் இல்லை. ஒரே ஒரு ஏற்பாடு செய்துகொள்ளுங்கள்: அவர் வீட்டு விஷயத்தை அவர் பேசட்டும், உங்கள் வீட்டு விஷயத்தை நீங்கள் பேசுங்கள். உங்கள் அம்மா சொன்னதை அவரிடம் அப்படியே ஒப்பிக்க வேண்டாம்.

9. கடைசிப் பத்து நாள்

இதில் புதிதாக எந்த வேலையும் வைக்காதீர்கள். புது ஃபேஷியல், புது க்ரீம் எதுவும் வேண்டாம். ஒத்துக்கொள்ளாமல் முகம் சிவந்தால் மேக்கப்பால் மறைக்க முடியாது. மெஹந்தி இரண்டு நாள் முன்பு போட்டால் நிறம் நன்றாகப் பிடிக்கும். கறுப்பு மெஹந்தி என்று விற்பதில் தலைச்சாய ரசாயனம் கலந்திருக்கும், சிலருக்குக் கொப்புளம் கிளம்பிவிடும்.

கொடுக்க வேண்டிய மீதிப் பணத்தையெல்லாம் கவரில் போட்டு, மேலே யாருக்கு எவ்வளவு என்று எழுதி, மணமேடைப் பக்கம் வேலையில்லாத ஒருவரிடம் ஒப்படையுங்கள்: நாதஸ்வரம், மேடை அலங்காரம், வேன், புரோகிதர், துப்புரவு ஆட்கள். அடையாள அட்டை, மாத்திரை, சேஃப்டி பின், சார்ஜர் வைத்த பை ஒன்று உங்கள் தோழி கையில் இருக்கட்டும். மொய் எழுத இருவர் வேண்டும், ஒருவர் எழுத, ஒருவர் எண்ண. கல்யாணத்துக்கு வந்த அன்பளிப்புக்கு வருமான வரி இல்லை என்றாலும், அந்த மொய் நோட்டைப் பத்திரமாக வையுங்கள். வங்கியில் போடும்போது எங்கிருந்து வந்தது என்று கேட்டால் காட்ட அதுதான் இருக்கும், நாளைக்குத் திருப்பிச் செய்யவும் அதுதான் கணக்கு. மண்டபச் சாவியைத் திருப்பிக் கொடுக்கும்போது மீட்டரை இன்னொரு போட்டோ எடுத்து, அட்வான்ஸ் கணக்கை அங்கேயே முடித்து, முழுத்தொகைக்கும் ரசீது வாங்கிப் பதிவுக் கோப்பில் சொருகிவிடுங்கள்.